சூரியனுக்கு ஒரு சுமைதாங்கி

தெகோமாபான் என்ற ஊரில், சோள மாவு மில்லும் டயர் பஞ்சர் கடையும் தேவாலயத்தின் பின்மதிலும் ஃபிதென்சியோவின் வீடும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருக்கிற நாற்சந்தியில், மத்தியானம் சாய ஆரம்பிக்கிற நேரத்தில், மூன்று பெண்கள் சூரியனை இறக்கிவைத்துவிட்டு முதுகை நிமிர்த்திக்கொண்டார்கள்.

ஃபிதென்சியோ அப்போது ஜன்னலில் கம்பளியைத் தொங்கவிட்டு, தனக்கென்று ஒரு இருட்டைச் செய்துகொண்டு தூங்க முயன்றுகொண்டிருந்தான். இரவெல்லாம் பட்டணத்து மொத்த மார்க்கெட்டில் வெங்காயமும் தக்காளியும் சப்பாத்திக்கள்ளி மடலும் சுமந்துவிட்டு, காலையில் லாரி ஏறி வந்து, ஊர் விழித்திருக்கையில் படுப்பதும் ஊர் படுக்கையில் விழித்திருப்பதுமாக ஆயுளைக் கழித்தவன் அவன். முதுகு மூட்டையைத் தாங்கத் தலையில் மாட்டுகிற சுமைவார் அழுத்தி அழுத்தி அவன் நெற்றியில் ஒரு பள்ளம் விழுந்திருந்தது. மழை பெய்தால் அதில் குருவி வந்து தண்ணீர் குடிக்கும் என்று கூட்டாளி சானோ கேலி பேசுவான். கம்பளியின் நூலிழைகளுக்கு நடுவே வெளிச்சம் ஊசி ஊசியாக உள்ளே வரவும், "எவன்டா அது வீட்டு வாசல்ல வெல்டிங் வைக்கிறவன்?" என்று கத்திக்கொண்டே கதவைத் திறந்தான்.

கதவுக்கு நேரே சூரியன் இருந்தது. தேவாலயத்துப் பெரிய மணியைவிடக் கொஞ்சம் பெரிது. பச்சை இறகுகள் வேய்ந்த பல்லக்கில், புழுதி மண்ணில் லேசாக ஒரு பக்கம் சாய்ந்து உட்கார்ந்திருந்தது. ரொட்டி அடுப்பின் வாய்க்கு எதிரே நிற்கிற மாதிரி ஒரு சூடு, அவ்வளவுதான். பல்லக்குக்கு நான்கு கொம்புகள். நான்காவது கொம்பு காலியாக இருந்தது. முன் கொம்பின் அருகே, மேலுதட்டு வியர்வையைப் புறங்கையால் துடைத்துக்கொண்டு நின்றவள் அவன் மனைவி கிரெசென்சியா. செத்து முப்பது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. பத்தொன்பது வயசில் எப்படிப் போனாளோ அப்படியே இருந்தாள்.

"கிழவா, என் தக்களி எங்க?" என்றாள்.

அந்தப் பக்கத்தில் கல்யாணமான மறுநாளே, மீசை சரியாக முளைக்காத பையனைக்கூடப் பெண்டாட்டி 'கிழவா' என்றுதான் கூப்பிடுவாள். அது ஒரு கொஞ்சல். முப்பது வருஷம் காதில் விழாமல் போயிருந்த அந்தச் சொல், இப்போது வந்து அவன் மேல் சட்டை மாதிரி அளவாகப் பொருந்தியது. அவன் ஆச்சரியப்படவில்லை. உள்ளே போய், பெட்டியின் அடியில் அவளுடைய மஞ்சள் நாடாவில் சுற்றிவைத்திருந்த தக்களியை எடுத்துவந்து கொடுத்தான். இவ்வளவு தாமதமாக வந்தாளே என்றுதான் ஒரு சின்னக் கோபம்.

ஆச்சரியப்படாததற்குக் காரணம் உண்டு. தெகோமாபானில் தேவாலயம் கட்டப்படுவதற்கு முன்னாலிருந்தே எல்லோருக்கும் தெரிந்த சங்கதி இது. தொனாத்தியூ என்கிற சூரியன் தானாக நடப்பதில்லை. விடிந்ததிலிருந்து உச்சி வரைக்கும் அவனைப் போர்க்களத்தில் செத்த ஆண்கள் கூச்சலும் கும்மாளமுமாகத் தூக்கிவருவார்கள், உச்சியிலிருந்து மேற்கு விளிம்பு வரைக்கும் பிரசவத்தில் செத்த பெண்கள் தூக்கிப்போவார்கள், விளிம்பில் மிக்த்லான் என்கிற பாதாளத்துச் சனங்கள் கைநீட்டி வாங்கிக்கொள்வார்கள், நமக்கு இருட்டும்போது அவர்களுக்கு விடியும். பிரசவமும் போர்தான், பிறக்கிற பிள்ளை பிடிபட்ட கைதிதான், கைதியைப் பிடித்துக் கொடுத்துவிட்டுக் களத்திலேயே விழுந்தவளை மண்ணுக்குள் அனுப்புவது மரியாதையில்லை என்று அவர்கள் நினைத்தார்கள். அப்படிப்பட்டவளின் கூந்தல் ஒரு பிடி கிடைத்தால் சண்டையில் தோல்வியே வராது என்று விடலைகள் திருட வருவார்கள் என்பதால், புருஷன்காரன் தடியோடு சமாதியில் படுத்துக் காவல் காப்பான். ஃபிதென்சியோவும் காத்தான். இன்னொன்றும் சொல்வார்கள்: இறங்கிவரும்போது அந்தப் பெண்கள் தங்கள் தக்களியையும் பாவாடையையும் கேட்பார்களாம், புருஷன் எடுத்துக்கொடுக்க வேண்டுமாம். அதனால்தான் பெட்டியை அவன் பூட்டியதேயில்லை.

"நாலாவது ஆள் எங்கே?" என்று கேட்டான்.

"அவளுக்குத் தோள் தேஞ்சு போச்சு. ஸ்பானியக்காரன் வர்றதுக்கு முன்னாலேர்ந்து தூக்கினவ. ஒரு நாள் கொம்பைக் கீழே வச்சா, வண்ணத்துப்பூச்சியா ஆனா, பறந்துட்டா."

"வேற ஆள் வரலையா?"

"எங்கேர்ந்து வரும்? மலைக்கு அந்தாண்ட ஆஸ்பத்திரி கட்டினாங்களே, அதுக்கப்புறம் இந்தப் பக்கத்துல ஒருத்தியும் சாகறதில்ல. நல்லதுதான், நான் ஒண்ணும் குறை சொல்லல. ஆனா தோள் வலிக்குதே, கிழவா."

மூன்று பேரும் மதிலோரம் உட்கார்ந்து கால் நீட்டிக்கொண்டார்கள். கொஞ்சம் கொஞ்சமாகச் சூரியன் ஆறி, ஆற ஆற எடை குறைந்து, மூன்று பேரால் முக்கி முனகித் தூக்க முடிகிற அளவுக்கு ஆனதும் தூக்கிக்கொண்டு மேற்கே போனார்கள். அன்றைக்குத் தெகோமாபானில் பொழுது சாயத் தாமதமாயிற்று. மறுநாளும் வந்தார்கள். அதற்கு மறுநாளும்.

ஊர் ரெண்டு நாள் பயந்தது. பிள்ளையைக் கொஞ்சக் கொடுத்துவைக்காத இந்தப் பெண்கள் நாற்சந்திக்கு இறங்கினால் கண்ணில் படுகிற குழந்தைகளுக்கு ஆகாது என்று பழைய பேச்சு இருந்ததால், தாய்மார்கள் பிள்ளைகளை உள்ளே போட்டுக் கதவைச் சாத்தினார்கள். ஆனால் மூவரில் குண்டாக இருந்த தொமாசா, மில்காரியின் அழுகிற குழந்தையை ஒரு நாள் கேட்டு வாங்கி மடியில் போட்டுத் தூங்கவைத்த பிறகு, பயம் போய்ப் பழக்கம் வந்தது, பழக்கம் வந்த பின் உரிமை வந்துவிட்டது. மினிபஸ்காரன் ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டு, சனங்களை இந்தப் பக்கம் இறக்கிவிட்டு அந்தப் பக்கம் வேறு பஸ்ஸில் ஏற்றினான். பெண்கள் பல்லக்கைச் சுற்றிப் பாயை விரித்து மிளகாய் காயப்போட்டார்கள். டயர் கடைக்காரன் பஞ்சர் பட்டையைச் சூரியனில் காட்டியே ஒட்டினான், ஒரு தடவை ஒட்டினால் விடவே விடாது என்று வெளியூர் லாரியெல்லாம் தேடி வந்தது. பாதிரியார் முதலில் புனித நீர் தெளித்தார், அது 'சொய்' என்று ஆவியானதும், பிறகு கைக்கடிகாரத்தைப் பார்த்து மாலை மணியை அடித்துக்கொண்டார். மற்ற ஊர்களில் சூரியன் சரியான நேரத்துக்கு மறைந்ததாக ரேடியோ சொன்னது. பட்டணத்துக்காரன் வழக்கமாகச் சொல்கிற பொய்களில் அதையும் சேர்த்துக்கொண்டு ஊர் தன் வேலையைப் பார்த்தது.

அதன் பிறகுதான் அந்த ஊர்க்காரர்கள் மட்டுமே செய்யக்கூடிய ஒரு தப்பைச் செய்தார்கள். இந்தப் பெண்கள் பசியாறி நல்லபடியாகப் போகவேண்டுமென்று, வண்ணத்துப்பூச்சி மாதிரியும் மின்னல் மாதிரியும் பிடித்த ரொட்டிகளை நாற்சந்தியில் வைப்பது அங்கே ஆதிகாலத்து வழக்கம். யாருமில்லாத நாற்சந்தியில் வைத்தே பழகியவர்கள், சாப்பிட ஆள் வந்துவிட்டதும் அடக்கமாட்டாமல், நீயா நானா என்று போட்டி போட்டார்கள். ரொட்டிக்கடைக்காரன் எலுமிச்சை வாசனையோடு மின்னல் போட்டால், மில்காரி எள்ளு தூவிய வண்ணத்துப்பூச்சி போட்டாள். ஒரு வீட்டிலிருந்து நுரைத்த சாக்லேட், இன்னொரு வீட்டிலிருந்து சாய்ந்துகொள்ளத் தலையணை, ஒருத்தி கால் பிடித்துவிட எண்ணெயே கொண்டுவந்தாள். எத்தனையோ வருஷமாக ஒருவரும் ஒரு வாய்த் தண்ணீர் நீட்டாமல் சுமந்தவர்கள் சாப்பிட்டார்கள், சாய்ந்துகொண்டார்கள், நூல் நூற்றார்கள், எழுந்திருக்க மறந்தார்கள். மத்தியானம் நீண்டது. நீண்டுகொண்டே போனது.

ஃபிதென்சியோவுக்கு அது வேண்டியிருந்தது. அவன் தூங்குவதை நிறுத்திவிட்டு மதிலோரம் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, அவள் பார்க்காமல் போன வருஷங்களை ஒவ்வொன்றாக எடுத்துச் சொன்னான். மகள் அம்பாரோவுக்கு முதல் பல் முளைத்தது, அவள் மண்ணைத் தின்றது, பள்ளிக்கூடத்தில் தேவதை வேஷத்தில் இறக்கை கழன்று விழுந்தது. கிரெசென்சியா தன் பங்குக்கு, அவன் மறந்தேபோயிருந்த அந்த ஒன்றரை வருஷத்துக் குடித்தனத்தை எடுத்து வைத்தாள்.

"சாந்தா அனா திருநாள்ல ஆடினோமே, மழை வந்துச்சே, எல்லாரும் ஓடினாங்க, பேண்டு வாசிக்கிறவன் மட்டும் டிரம்மைத் தலைல கவுத்துக்கிட்டு நின்னானே?"

"இந்த மஞ்சள் நாடாதானே கட்டியிருந்தே?"

"சாயம் போயிடுச்சு. அப்ப நல்ல மஞ்சள். நீ ஆடத் தெரியாம என் காலை மிதிச்சே."

"சுமை தூக்கறவன் காலு, அப்படித்தான் இருக்கும்."

அம்பாரோ நிறைமாதமாக இருந்தாள். கல்யாணமாகி ரொம்ப நாள் கழித்துத் தரித்த பிள்ளை. புருஷன் வடக்கே எல்லைக்கு அந்தப் பக்கம் ஆப்பிள் பறிக்கப் போயிருந்தான். சாக்லேட் கிண்ணத்தை ஏந்தி வயிறு முந்த வருகிறவளுக்கு, தன்னைவிடச் சின்னவளாக உட்கார்ந்திருந்த அம்மாவை அம்மா என்று கூப்பிட வாய் வரவில்லை. "இந்தாங்க" என்பாள். கிரெசென்சியா கிண்ணத்தை வாங்காமல் மகளின் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள். "உன் மூக்கு, கிழவா. பாவம்" என்பாள் பிறகு.

ஒரு நாள் மார்க்கெட் லாரிக்குக் காத்திருக்கையில் சானோ பக்கத்தில் வந்து குந்தினான். அம்பாரோவுக்கு ஞானத்தகப்பன் அவன். அந்த முறையில் இருவரும் ஒருவரையொருவர் கொம்பாத்ரே என்று கூப்பிட்டுக்கொள்வார்கள்.

"கொம்பாத்ரே, நான் ஒண்ணு கேக்கட்டுமா? தரையில வச்ச சுமையைத் தூக்கறதுதானே கஷ்டம்? தோள் உயரத்துல இருந்தா எவனும் குனியாமலே தோளைக் குடுத்துட்டுப் போயிடுவான். மார்க்கெட் வாசல்ல அதுக்குத்தானே கல்லு போட்டிருக்கு?"

"அதுக்கு இப்ப என்ன?"

"நாற்சந்தியில ஒரு கல்லு போட்டா அந்த மூணு பொண்ணுங்களும் ஒரு மூச்சு நின்னுட்டுக் கிளம்பிடுவாங்களே?"

"உன் வேலையைப் பாரு."

சானோ அவனை ஏற இறங்கப் பார்த்தான். "ஓஹோ. அப்படியா சங்கதி?"

"அப்படித்தான்."

"முப்பது வருஷமா பெட்டியைப் பூட்டாத மனுசன்தானே நீ" என்று சொல்லிவிட்டு சானோ எச்சிலைத் துப்பினான், அதன் பிறகு அதைப் பற்றி யாரிடமும் மூச்சு விடவில்லை. கொம்பாத்ரே உறவு அங்கே உடன்பிறப்புக்கு ஒரு படி மேல்.

ஆனால் நின்றுபோன மத்தியானத்தில் எதுவும் பழுப்பதில்லை என்பதை ஊர் மெல்ல மெல்லக் கண்டுகொண்டது. பிசைந்து வைத்த மாவு உப்பவில்லை. அடைகாத்த கோழி எழுந்திருக்கவில்லை, முட்டைக்குள் குஞ்சு கொத்தவும் இல்லை. சாயங்காலம் பூக்கிற பூக்கள் மொட்டைக் கெட்டியாக மூடிக்கொண்டு நின்றன. கிணற்றில் வாளி போட்டவர்களுக்கு அடியிலிருந்து, மிக்த்லானில் இருட்டில் விழித்துக் கிடக்கிற சனங்களின் குரல் கேட்டது. "இன்னும் விடியலையா?" என்று கேட்டார்கள், கோபமில்லாமல், நடுராத்திரியில் முழித்துக்கொண்ட குழந்தைகள் கேட்கிற மாதிரி. பெண்கள் கிணற்றைப் பலகை போட்டு மூடினார்கள்.

அப்படியொரு மத்தியானத்தில்தான் அம்பாரோவுக்கு வலி கண்டது.

மருத்துவச்சி தோன்யா பெத்ரோனிலா வந்தாள். முப்பது வருஷத்துக்கு முன்னால் இதே வீட்டில், இதே கட்டிலில் அம்பாரோவைப் பிடித்தவள் அவள்தான். உள்ளே போனவள் வெகுநேரம் வரவில்லை. எவ்வளவு நேரம் என்று சொல்ல வழியுமில்லை, நிழல்கள் எல்லாம் இருந்த இடத்திலேயே கிடந்தன. வெளியே வந்தபோது அவள் கையில் ரத்தம் இருந்தது, முகத்தில் இல்லை.

"ஃபிதென்சியோ, வலி வருது, நிக்குது. பிள்ளை வாசல்ல வந்து நிக்குது. பொழுது நகராம அது நகராது."

"ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிடலாம்."

"மலைக்கு இந்தப் பக்கம் பூரா இதே மத்தியானம்தான். தாண்டற வரைக்கும் தாங்க மாட்டா. அவங்களைக் கிளம்பச் சொல்லு."

மூன்று பெண்களும் ஏற்கனவே எழுந்துவிட்டிருந்தார்கள். கொம்புகளைப் பிடித்து இழுத்தார்கள். ரொட்டியும் தலையணையுமாகக் கழிந்த நாட்கள் அவர்களின் கையில் இருந்த பலத்தை வாங்கிவிட்டிருந்தன. பல்லக்கு ஒரு விரற்கடை எழும்பித் திரும்பவும் உட்கார்ந்தது. மறுபடி. மறுபடியும். மூன்றாவது தடவை உட்கார்ந்தபோது, காலியாக இருந்த நான்காவது கொம்பு தானாகவே மண்ணைக் கீறிக்கொண்டு திரும்பி, ஃபிதென்சியோவின் வீட்டு வாசலை நேராகப் பார்த்து நின்றது.

ஊர் அதைப் பார்த்தது. மில்காரி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"நான் அவளைக் கூப்பிடல, கிழவா" என்றாள் கிரெசென்சியா. அவள் குரல் முதல் தடவையாகப் பத்தொன்பது வயசுப் பெண்ணின் குரலாக இருந்தது. "சத்தியமா நான் கூப்பிடல. கொம்பு கூப்பிடுது."

வீட்டுக்குள் அம்பாரோ கத்தினாள். அந்தக் கத்தலை அவன் முன்பே ஒரு தடவை, இதே வாசலில் நின்று கேட்டிருக்கிறான். பல்லக்கையும் மனைவியையும் வாசலையும் பார்த்தான். இந்தச் சூரியன் எழுந்துவிட்டால் இவள் போய்விடுவாள், நீண்ட மத்தியானங்கள் போய்விடும், தேவதை இறக்கை கழன்று விழுந்ததற்கு அப்புறம் நடந்ததையெல்லாம் இன்னும் சொல்லவேயில்லை. பிறகு ஆணியில் தொங்கிய சுமைவாரை எடுத்து நெற்றியில் மாட்டிக்கொண்டு போய், வாசலைப் பார்த்து நின்ற கொம்பைப் பிடித்துத் திருப்பி, அதன் அடியில் குந்தினான்.

"சுமையைத் தரையில வைக்கக் கூடாது, கிரெசென்சியா" என்றான், அவள் முகத்தைப் பார்க்காமல். "தோள் உயரத்துக்கு ஒரு கல்லு இருந்திருந்தா உங்க மூணு பேருக்கே போதும். முத நாளே சொல்லியிருக்கணும்."

"உனக்கு அது தெரியுமா?"

"இது கூடவா தெரியாது?"

"தெரிஞ்சும் சொல்லலையா?"

"சொல்லல."

திட்டப் போகிறாள் என்று நினைத்தான். "போடா, கிழவா" என்றாள். சொல்லிவிட்டுத் தன் கொம்பில் தோளைக் கொடுத்தாள்.

எழுந்தார்கள். எத்தனையோ ஆயிரம் மூட்டை ஏறிய தோளில் அன்றைக்கு ஏறியது வேறு மாதிரி எடை. அது கீழே அழுத்தவில்லை, முன்னால் இழுத்தது. மேற்குத் தெருவில் நடந்தார்கள், நடக்க நடக்க வீட்டு நிழல்கள் கால் நீட்டின, தேவாலயத்து மதிலைத் தாண்டி, கல்லறைத் தோட்டத்தைத் தாண்டி, சோளக்காட்டுக்கு மேலே காலடியில் ஒன்றுமில்லாமலேயே நடந்தார்கள். சுமக்கிறவர்கள் திரும்பிப் பார்க்கக் கூடாது என்பது விதி என்பதால் அவனுக்குத் தெரிந்ததெல்லாம் முன்னால் போகிற அவளுடைய பிடரி மட்டும்தான். சாந்தா அனா திருநாளில் மழையில் நனைந்து முடி ஒட்டிக்கொண்டிருந்த அதே பிடரி. அந்த வழி முடியவே வேண்டாம் என்று அவனுக்கு இருந்தது. சீக்கிரம் முடிய வேண்டும் என்று மகளுக்காகக் கால்கள் ஓடின.

மேற்கு விளிம்பில் மிக்த்லான் சனங்கள், தூக்கத்திலிருந்து எழுந்தவர்கள் மாதிரி கண்ணைக் கசக்கிக்கொண்டு, கைகளை நீட்டியபடி நின்றார்கள். பழைய மார்க்கெட் ஆட்கள் ரெண்டு பேரை அவனுக்கு அடையாளம் தெரிந்தது. "ஏம்பா இவ்வளவு நேரம்?" என்றான் ஒருவன். சூரியன் கை மாறியது. தோள் லேசானது. அந்தக் கணத்தில், பள்ளத்தாக்கு முழுவதற்கும் அப்பாலிருந்து, மெலிசாக, ஆனால் பிசகில்லாமல் ஒரு போர்க்கூச்சல் கேட்டது. குழந்தை பிறந்ததும் மருத்துவச்சி அடிக்கிற கூச்சல்; களத்தில் ஜெயித்து, கைதியைப் பிடித்தாயிற்று, பிடித்தவள் பிழைத்திருக்கிறாள் என்று ஊருக்கு அறிவிக்கிற கூச்சல்.

"பிடிச்சுட்டா" என்றாள் கிரெசென்சியா. இருட்டில் அவள் அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை. "பொண்ணா, பையனா?"

"தெரியலையே."

"சரி. நாளைக்குக் கேட்டுக்கறேன்."

அவன் இறங்கி நடந்து, விடிந்த பிறகு வீடு வந்து சேர்ந்தான். வந்தவன் படுக்கவில்லை. சானோவையும் இன்னும் நாலு பேரையும் கூட்டிக்கொண்டு, நாற்சந்தியில் இரண்டு கல்லை நட்டு அவற்றின் மேல் ஒரு கல்லைப் படுக்கவைத்தான். நம் பக்கத்தில், பிள்ளைத்தாய்ச்சியாகச் செத்தவளின் நினைவாக ஊர் வழியில் நடுவார்களே, அதே மாதிரி ஒரு சுமைதாங்கி.

"எவ்வளவு உயரம் வைக்கணும், கொம்பாத்ரே?" என்று சானோ கேட்டான்.

ஃபிதென்சியோ யோசிக்காமல் தன் நெஞ்சில் ஒரு இடத்தைத் தொட்டுக் காட்டினான். அவளோடு ஆடும்போது அவளுடைய தோள் அங்கேதான் இருந்தது.

அன்று மத்தியானம் மூன்று பெண்களும் வந்தார்கள். குனியாமல், முனகாமல், சூரியனைக் கல்லின் மேல் சாய்த்து ஒரு மூச்சு விட்டார்கள்.

"பொண்ணா, பையனா?"

"பொண்ணு."

தோளைக் கொடுத்தார்கள், போய்விட்டார்கள்.

அதிலிருந்து அப்படித்தான். தெகோமாபானில் மத்தியானம் சாய்கிற நேரத்தில் நிழல்கள் ஒரு மூச்சு நின்று பிறகு நகரும். டயர் கடைக்காரன் ஓங்கின சுத்தியலை அப்படியே வைத்திருப்பான், மினிபஸ்காரன் எஞ்சினை அணைப்பான், மில்காரி எள்ளு வண்ணத்துப்பூச்சிகள் மூன்றை நடந்துகொண்டே தின்னும்படிக் கையில் திணிப்பாள். ஒரு கேள்விக்கும் ஒரு பதிலுக்கும் மட்டும்தான் நேரம் இருக்கும். அந்த ஒரு பதிலில் எதைச் சொல்வது என்று ஃபிதென்சியோ இரவு முழுவதும் மூட்டைக்கு அடியில் யோசித்துக்கொண்டே நடப்பான், காலையில் கம்பளியைத் தொங்கவிட்டுப் படுத்துக்கொண்டும் யோசிப்பான், பேத்திக்குப் பல் முளைத்ததைச் சொல்வதா, அவள் மண்ணைத் தின்றதைச் சொல்வதா என்று ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுத்து வைத்துக்கொண்டு, வெளிச்சம் ஊசி ஊசியாக வருவதற்கு வெகுநேரம் முன்பே வந்து கல்லின் பக்கத்தில் நிற்பான்.

நேற்று அவள் அவனை நன்றாகப் பார்த்துவிட்டு, "தூங்கினியா, கிழவா?" என்று கேட்டாள்.

"தூங்கினேன்" என்றான்.

பொய் என்று அவளுக்குத் தெரிந்தது. ஆனால் அதைச் சொல்ல இன்று மத்தியானம் வரை அவள் காத்திருக்க வேண்டும்.